எனக்கு வேலையில்லாத காட்சி

தீகன் வெரெயாகின் தொண்ணூற்றோராவது வயதில் காலமானார் என்று
கைபேசி சொன்னபோது
மனையாவெளிக் கரையில் சாளைக்கு விலை கேட்டுக்கொண்டிருந்தேன்.
கிலோ அறுநூறு என்றான். சரி என்றேன்.
பேரம் பேசாததில் அவனுக்கே பயம் பிடித்துவிட்டது.
"அன்ரி, சுகமில்லையோ?"

எப்படிச் சொல்ல.
என்னை ஒருநாளும் கண்டிராத ஒரு மனிசனுக்கு
பதினொரு வருடம் நான் வாயாக இருந்தேன்.

எழுபத்திரண்டில்
நட்புறவுச் சங்கத்தார் நகர மண்டபத்தில்
வெள்ளைத்துணி கட்டிப் படம் போட்டார்கள்.
நான் துறைமுகக் கந்தோரில் தட்டெழுத்தாளர்.
தபாலில் ருஷ்யன் படித்தவள், அதுவும் அரைகுறை.
சாலிஹீன் மெசின் ஓட்டுவார்.
பக்கத்தில் எனக்கொரு மைக், மேசைவிளக்கு,
வசனத்தாள்.

முதற் படத்தில் தீகனுக்கு இரண்டே வரி.
ஆற்றைக் கடத்திவிட்டுக் கூலி வாங்காத படகோட்டி.
"காசு வேண்டாம்.
அக்கரையில் என் பெயரைச் சொல்லாதே."
ஆம்பிளைக்குப் பொம்பிளைக் குரலா என்று
பின்வாங்கில் விசிலடித்தார்கள்.
அடுத்த மாதம் அதே வாங்கு
"அக்கா, சத்தமா!" என்றது.

பிறகு அவர் வளர்ந்தார், எங்கள் துணியிலும்.
உழவு மெசின் நிலையத்துக் கணக்காளர்.
மனைவியின் கடிதத்தை உடைக்கப் பயந்த கப்டன்.
கைதியோடு சதுரங்கம் ஆடி
வேண்டுமென்றே தோற்கிற நீதிபதி.
சங்கத்துச் சஞ்சிகையில் ஒருமுறை போட்டிருந்தது:
வொல்கா நதியோரத்து அரங்கொன்றில் ஒன்பது வருடம்
மூன்றாவது ஈட்டிக்காரனாக நின்றாராம்.
பேசாமலிருக்க அங்கேதான் பழகியிருக்கவேண்டும்.
பேசுமுன் ஒரு மூச்சு இழுப்பார்,
மூக்கால் இல்லை, வாயோரத்தால்.
அதைப் பிடித்தால் போதும்,
தாளைப் பார்க்கவே தேவையில்லை.
"பிளசிடா, இப்ப அவருக்கு முன்னமே
நீங்க மூச்சு எடுக்குறீங்க"
என்பார் சாலிஹீன்.

எண்பத்துமூன்று ஆடியில் ஆறு சுருள் வந்தது, தகரப் பெட்டியில்.
ஒத்திகைக்கு மூன்று சுருள் ஓட்டினோம்.
டொக்டராக வந்த தீகன் ஒரு வீட்டுக் கதவைத் தட்டுகிறார்.
யார் திறந்தார்களோ,
எங்களூரில் எவருக்கும் தெரியாது.
அதற்குப் பிறகு மண்டபத்தில் படுத்தவர்கள் படம் பார்க்க வந்தவர்களில்லை.
திரைத்துணியை மூன்றாகக் கிழித்தோம்,
கைக்குழந்தைகளுக்கு ஏணை கட்ட.
சாலிஹீன் லோஞ்சில் மூதூருக்குப் போனார்.
அங்கிருந்து எங்கே என்று
கேட்கவும் ஆளில்லாமல் போனது.

அவர் நடித்துக்கொண்டுதான் இருந்தார்.
நாட்டின் பெயர் மாறிய வருடம்
சம்பளமாக மாவும் சீனியும் கொடுத்தார்களாம்.
பற்பசை விளம்பரத்தில் சிரித்தார்.
நூற்றிருபது பகுதி மாமனாராக இருமினார்.
எல்லாவற்றையும் பிந்தித்தான் பார்த்தேன்,
உப்புவெளி வீட்டுக் குசினியில்,
அடிக்கடி நின்று நின்று சுழலும் இணையத்தில்.

கடைசி மேடை எண்பத்தெட்டு வயதில், பாரிசவாதத்துக்குப் பிறகு.
வசனமில்லை.
மற்றவர்கள் கலியாணச் செலவுக்குச் சண்டைபிடிக்க
ஓரக் கதிரையில் ஒரு கிழவர், அவ்வளவுதான்.
ஒரேயொரு தடவை
வாயோரத்தால் மூச்சை இழுத்தார்.
சபை அடங்கியது.
இரவு பதினொன்றரைக்கு நான் இங்கே வாயைத் திறந்துவிட்டேன்.
தாள் இல்லை.
அவர் மெல்ல மூச்சை விட்டார்.
நான் திறந்தபடியே இருந்தேன், எவ்வளவு நேரமோ,
பால் பொங்கி அடுப்பை அணைக்கும் வரை.

பஸ் நிலையத்தில் மான் ஒன்று
யாரோ போட்ட லொத்தர் சீட்டை மென்றுகொண்டிருந்தது.
நிலாவெளி பஸ்ஸில் இடம் கிடைத்தது.
இரங்கல் செய்தியின் அடியில் பட்டியல்: எழுபத்துநாலு வேடம்.
படகோட்டி இல்லை.
இன்னொருமுறை விரல் வைத்துத் தேடினேன்.
மீன்பை சீலையில் சொட்ட,
பக்கத்தில் இருந்தவர்
யன்னல் பக்கமாக நகர்ந்துகொண்டார்.